உப்பிட்டவரை நினைத்தவர்

ஏரலுக்குப் பக்கத்தில்தான் கொற்கை. இன்றைக்குப் போய்ப் பார்த்தால் வயலும் குளமுமாக ஒரு சின்ன கிராமம். ஒரு காலத்தில் பாண்டியர்களின் துறைமுகம். முத்துக்குப் பேர்போன ஊர். கடல் விலகிப் போய் எத்தனையோ நூற்றாண்டுகள் ஆகிவிட்டன. பேர் மட்டும் நிற்கிறது.

அந்த முத்து எங்கெல்லாம் போனது, யார் யார் வாங்கினார்கள் என்று நிறையப் படித்திருக்கிறோம். மூச்சை அடக்கி மூழ்கி எடுத்தவர்கள் யார்? தண்டனைக் கைதிகளை வைத்து முத்துக் குளித்தார்கள் என்று கி.பி. முதல் நூற்றாண்டின் கிரேக்கக் குறிப்பு ஒன்று சொல்கிறது. அவ்வளவுதான். ஒரு ஆளின் பேர் இல்லை. சரக்குக்கு விலாசம் இருக்கிறது, எடுத்தவனுக்கு இல்லை!

முத்து போன கடற்கரையில் இன்றைக்கு உப்பு விளைகிறது. ஆறுமுகநேரி, முள்ளக்காடு, வேப்பலோடை... பஸ் ஜன்னலில் இருந்து பார்த்தால் வெள்ளை வெளேரென்று பாத்திகளும் அம்பாரங்களும் கண்ணைக் கூசும். பார்க்கிற நமக்கே கூசுகிறது. அதற்குள் வெறுங்காலோடு நின்று, பலகை பிடித்து உப்பு வாருகிறவர்களுக்கு எப்படி இருக்கும்? தலையில் சுமக்கிற பெட்டியில் இருந்து உப்புத் தண்ணீர் முகத்தில் வழிந்தால்? காலில் ஒரு சின்னக் கீறல் இருந்தால்?

இந்தக் கேள்விகளைக் கேட்டுக்கொண்டு தூத்துக்குடிக்கு வந்த ஒரு பெண்மணி, 1979-ல் ‘கரிப்பு மணிகள்’ என்று ஒரு நாவலே எழுதினார். ராஜம் கிருஷ்ணன். 1925-ல் திருச்சி பக்கம் முசிறியில் பிறந்தவர். பதினைந்து வயதில் கல்யாணம். கணவர் மின்துறை இன்ஜினீயர். காலேஜ் வாசலை மிதிக்காத அந்த இல்லத்தரசிதான் 1973-ல் ‘வேருக்கு நீர்’ நாவலுக்காக சாகித்ய அகாதமி பரிசு வாங்கினார். தமிழில் அந்தப் பரிசைப் பெற்ற முதல் பெண் அவர்தான்.

அவருடைய வழக்கமே வேறு. நீலகிரி படுகர்களைப் பற்றி எழுத வேண்டுமா? அங்கேயே வாழ்ந்து பார்த்து ‘குறிஞ்சித் தேன்’ எழுதினார். கொள்ளைக்காரர்களைப் பற்றியா? சம்பல் பள்ளத்தாக்குக்கே புறப்பட்டுப் போனார். மீனவர் வாழ்க்கைக்கு ‘அலைவாய்க் கரையில்’, தஞ்சை விவசாயத் தொழிலாளிகளுக்கு ‘சேற்றில் மனிதர்கள்’, தீப்பெட்டித் தொழிலில் மாட்டிக்கொண்ட குழந்தைகளுக்கு ‘கூட்டுக் குஞ்சுகள்’. போவார், பார்ப்பார், பேசுவார், அப்புறம்தான் பேனாவைத் திறப்பார்.

இங்கேதான் ஒரு சங்கடமான கேள்வி எழுகிறது.

“முசிறிக்காரம்மாவுக்கு உப்பளத்தைப் பத்தி என்ன தெரியும் அண்ணாச்சி? நாலு நாள் பார்த்துட்டுப் போய் எழுதிட்டா ஆச்சா?”

விளையாட்டாகக் கேட்டாலும் இது லேசான கேள்வி இல்லை. பார்க்க வந்தவர் சாயங்காலம் பஸ் ஏறிவிடலாம். அளத்தில் நிற்பவர் மறுநாள் விடியும் முன்னே மறுபடி வந்து நிற்க வேண்டும். அடுத்தவர் வலியில் இருந்து புத்தகம் வருகிறது, பரிசு வருகிறது, பேரும் வருகிறது. எல்லாம் எழுதியவர் கணக்கில் வரவு. வலி மட்டும் பட்டவர் கணக்கில் அப்படியே நிற்கிறது. இது நியாயமா?

இது நம்மூர் விவகாரம் மட்டுமில்லை. பிரேசில் நாட்டில் ராக்கெல் டி குயிரோஸ் என்று ஒரு எழுத்தாளர் இருந்தார். 1915-ல் அங்கே வடகிழக்குப் பகுதியை உலுக்கிய பஞ்சத்தை வைத்து, இருபது வயதுகூட நிரம்பாத நிலையில், 1930-ல் முதல் நாவலை எழுதினார். பின்னால் 1977-ல் அந்த நாட்டு இலக்கிய அகாதமிக்குத் தேர்வான முதல் பெண்ணும் அவரே. அவர் நிலபுலன் உள்ள குடும்பம். பஞ்சத்தில் கால்நடையாகக் கிளம்பிய ஏழைகளில் ஒருத்தி இல்லை. அதனால் என்ன செய்தார் தெரியுமா? தன்னைப் போலவே படித்த ஒரு டீச்சரைக் கதைக்குள் கொண்டுவந்து நிறுத்தினார். அகதி முகாமுக்கு உதவி செய்யப் போகிற டீச்சர். ‘நான் இந்தப் பக்கம் நிற்கிறவள்’ என்பதை மறைக்கவில்லை. அது ஒரு நேர்மை.

அனுபவித்தவரே எழுதும்போது கிடைக்கிற ருசி வேறு என்பதில் சந்தேகமே இல்லை. உவரியில் பிறந்த ஜோ டி குரூஸ், 2004-ல் ‘ஆழி சூழ் உலகு’ எழுதியபோது கடற்கரை தன் சொந்த வாயால் பேசியது. அவருடைய ‘கொற்கை’ 2013-ல் சாகித்ய அகாதமி பரிசு பெற்றது. வெளியில் இருந்து வருகிறவர் எத்தனை வருஷம் தங்கினாலும் அந்தப் பேச்சும் அந்தக் கோபமும் முழுசாகக் கைக்கு வராது.

ஆனால், யோசித்துப் பாருங்கள். 1979-ல், பள்ளிக்கூடம் போக வேண்டிய வயதில் அளத்துக்குப் போன ஒரு பெண் பேனா பிடித்து எழுதும்வரை எல்லாரும் வாயை மூடிக்கொண்டு காத்திருக்க வேண்டும் என்றால், அந்த மௌனத்தால் யாருக்கு லாபம்? அவளுக்கு நிச்சயம் இல்லை. கொற்கையில் மூழ்கியவர்களுக்கும் அதுதானே நடந்தது? ‘எழுத உனக்கு என்ன உரிமை’ என்று கேட்பவர்களில் சிலருக்கு, யாருமே எழுதாமல் இருப்பது ரொம்ப சௌகரியம். அதையும் மறந்துவிடக் கூடாது.

எனக்குப் படுவது இதுதான். அடுத்தவர் துன்பத்தை எழுதும் உரிமை பட்டா நிலம் மாதிரி பிறப்பால் வருவதில்லை. பரிதாபப்பட்டால் மட்டும் வந்துவிடுவதும் இல்லை. அது கடன். கடன் வாங்கியவர் வட்டி கட்டியாக வேண்டும். பதிலைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வராமல், கேள்வியோடு வர வேண்டும். அங்கிருப்பவர்களை அழ மட்டும் தெரிந்த ஆட்களாகக் காட்டாமல், யோசிக்கிற, கோபப்படுகிற, எதிர்த்து நிற்கிற மனிதர்களாகக் காட்ட வேண்டும். ‘கரிப்பு மணிகள்’ நாயகி பொன்னாச்சியைப் படித்துவிட்டு ‘ஐயோ பாவம்’ என்று மூடி வைக்க முடியாது. அளத்துக்காரர்கள் தங்கள் நியாயத்தைத் தாங்களே கேட்கத் தொடங்குகிற கதை அது. ராஜம் கிருஷ்ணன் வட்டியை ஒழுங்காகக் கட்டியிருக்கிறார்.

நாம் கட்டினோமா?

2002-ல் கணவர் இறந்தார். குழந்தைகள் இல்லை. கையிருப்பையும் இழந்து, ஊர் ஊராகப் போய் அடுத்தவர் கதை கேட்டவர் கடைசியில் சென்னையில் ஒரு முதியோர் இல்லத்தில் இருந்தார். 2009-ல் தமிழக அரசு அவருடைய நூல்களை நாட்டுடைமையாக்கி 3 லட்சம் ரூபாய் கொடுத்தது. பொதுவாக எழுத்தாளர் இறந்த பிறகு செய்வதை, அவர் உயிரோடு இருக்கும்போதே செய்தார்கள். அது ஒரு ஆறுதல். 2014 அக்டோபர் 20-ல் காலமானார்.

உப்பளத்துக்காரர்களுக்கு? மழைக்காலத்தில் அளத்தில் வேலை கிடையாது, கூலி கிடையாது. அந்த மாதங்களுக்கு 5,000 ரூபாய் நிவாரணம் என்று தமிழக அரசு அறிவித்தது 2021-ல். நாவல் வந்து 42 வருஷம் கழித்து! புத்தகத்தால்தான் அது வந்தது என்று சொல்ல மாட்டேன். போராடியவர்கள், கேட்டுக்கொண்டே இருந்தவர்கள் வேறு. ஆனால் ஒரு நாவல் உண்மையைச் சொல்வதற்கும் ஊர் அதைக் காதில் வாங்குவதற்கும் நடுவில் எவ்வளவு காலம் ஓடிவிடுகிறது, பாருங்கள்.

உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்கிறோம். சாப்பாடு போட்டவரை நினைக்கிறோம், சரி. அந்த உப்பை வாரியவரை? எழுத உரிமை உண்டா என்று ராஜம் கிருஷ்ணனிடம் கேட்கிற நாம், தினம் மூன்று வேளை அந்த உப்பைச் சாப்பிடுகிறோம். அதற்கு முன்னால் யாரிடமும் உரிமை கேட்டதாக ஞாபகம் இல்லை.