மாய உலகிற்கும் மனச்சான்று உண்டு

மறைக்கல்வி வகுப்பொன்றில் பதினான்கு வயது மாணவி ஒருத்தி கேட்ட வினா நெடுநாள் என் உள்ளத்தை விட்டு அகலவில்லை. மாயக்கதைகளை விரும்பிப் படிப்பவள் அவள். “சார், கதை எழுதுகிறவர் தம் உலகத்துக்குத் தாமே விதி வகுக்கிறார். அங்கே கல் பேசுகிறது, மனிதர் பறக்கிறார்கள். அப்படியானால் காட்டிக்கொடுப்பதுதான் புண்ணியம் என்று ஓர் உலகத்தைப் படைக்க முடியுமா?” என்றாள். நான் ஏதோ மழுப்பிவிட்டு வகுப்பை முடித்தேன். அந்த மழுப்பலுக்குக் கழுவாயாகவே இதை எழுதுகிறேன்.

இவ்வினாவுக்கு ஒரு நூற்றாண்டுக்கு முன்பே விடை கூற முயன்றவர் ஸ்காட்லாந்து எழுத்தாளர் ஜார்ஜ் மெக்டொனால்ட். தேவதைக் கதைகள் பல எழுதிய அவர், 1893இல் வெளிவந்த கட்டுரை ஒன்றில் ஒரு வேறுபாட்டை நிறுவினார். கற்பனையாளன் இயற்கை விதிகளை விருப்பம்போல் மாற்றியமைக்கலாம். மாற்றியபின் அவற்றுக்கு அவனே கட்டுப்பட வேண்டும். ஆனால் அறத்தின் விதியை மாற்றும் உரிமை அவனுக்கு இல்லை. இது அவர் கருத்து. இது உண்மைதானா? சில கற்பனை உலகங்களைக் கொண்டே சோதித்துப் பார்ப்போம்.

எட்வின் அபட் என்னும் ஆங்கிலேயத் திருப்பணியாளர், இலண்டனில் தலைமையாசிரியராக இருந்தவர், 1884இல் ‘ஃபிளாட்லாண்ட்’ என்னும் நூலை வெளியிட்டார். அவர் படைத்த நாட்டில் உயரம் என்பதே இல்லை. நீளமும் அகலமும் மட்டுமே உண்டு. குடிமக்கள் முக்கோணங்கள், சதுரங்கள், வட்டங்கள். கதை சொல்பவர் ஒரு சதுரர். இந்த விந்தையான வெளியை நாம் சில பக்கங்களிலேயே ஏற்றுக்கொண்டுவிடுகிறோம். பிறந்தது முதல் நம் உடல் அறிந்த உயரத்தை வாசலில் செருப்பைக் கழற்றுவதுபோல் கழற்றி வைத்துவிட்டு உள்ளே நுழைகிறோம்.

அதே நாட்டில் இன்னொரு விதியும் உண்டு. கோணம் பிறழ்ந்து பிறந்து, சிகிச்சையாலும் சீராகாத உருவங்கள் அழிக்கப்படுகின்றன. சட்டம் அதை ஏற்கிறது; சதுரரும் அதை நியாயப்படுத்துகிறார். ஆனால் இதை நாம் ஏற்பதில்லை. கோடுகளால் ஆன அந்தக் குழந்தைக்காக நம் நெஞ்சு பதறுகிறது. உயரத்தைக் கழற்றி வைத்த நம்மால் மனச்சான்றைக் கழற்றி வைக்க முடியவில்லை. அபட் எதிர்பார்த்ததும் இதுவே. சதுரர் நியாயம் பேசப் பேச, அந்நாட்டின் கொடுமை நமக்கு மேலும் தெளிவாகிறது.

இங்கே ஒரு தடை எழுப்பலாம். எத்தனையோ கதைகளில் நாயகன் நூற்றுக்கணக்கானோரை வெட்டி வீழ்த்துகிறான், நாமும் கைதட்டுகிறோம். அப்போது மனச்சான்று எங்கே போயிற்று? தடை நேர்மையானது. ஆனால் அக்கதைகள் எவ்வாறு இயங்குகின்றன என்று நோக்குங்கள். வெட்டப்படுவோருக்குப் பெயரில்லை, தாயில்லை, முகமில்லை. முதலில் முகத்தை மறைத்த பின்னரே கொலையை நம் கைதட்டலுக்கு உரியதாக்க முடிகிறது. கல்லைப் பேசவைக்க எழுத்தாளன் எதையும் மறைக்க வேண்டியதில்லை. கொடுமையை நன்மையாக்க மட்டும் மறைப்பு தேவைப்படுகிறது. மறைக்க வேண்டியிருப்பதே அந்த விதி மாறவில்லை என்பதற்குச் சான்று.

உர்சுலா லெ குவின் 1968இல் வெளியிட்ட எர்த்ஸீ கதை இன்னும் ஆழமாகச் செல்கிறது. அத்தீவுகளில் மந்திரம் ஓர் அறிவியலைப் போன்றது. ஒவ்வொரு பொருளுக்கும் உண்மைப் பெயர் உண்டு. பெயரை அறிந்தவன் பொருளை ஆள்கிறான். ஆனால் உலகம் ஒரு சமநிலையில் நிற்கிறது. ஒரு தீவில் வருவித்த மழை மற்றொரு தீவில் வறட்சியாகலாம். கெட் என்னும் இளைஞன், தன்னை இகழ்ந்த சக மாணவனிடம் ஆற்றலைக் காட்டுவதற்காக, இறந்தோரின் ஆவி ஒன்றை அழைக்கிறான். திறந்த பிளவின் வழியே ஓர் இருள் நிழல் உலகிற்குள் புகுகிறது. அப்பிளவை மூடி உயிர் விடுபவர், எக்குற்றமும் செய்யாத முதிய தலைமை மந்திரவாதி. செருக்கு ஒருவனுடையது, விலை கொடுத்தவர் வேறொருவர்.

மந்திரம் என்பது உழைப்பின்றி விளைவைப் பெறும் ஆசை. கத்தோலிக்கரான டோல்கியன் 1951ஆம் ஆண்டளவில் எழுதிய நீண்ட கடிதமொன்றில் மந்திரத்தையும் இயந்திரத்தையும் ஒன்றாகவே வைத்துப் பேசினார். தன் விருப்பம் உடனே நிறைவேற வேண்டும் என்னும் வேட்கையே இரண்டுக்கும் வேர் என்பது அவர் எண்ணம். அவர் மறைவுக்குப் பின் 1977இல் வெளிவந்த ‘சில்மரில்லியன்’ நூலில் நூமெனோர் தீவின் அரசன், விலக்கப்பட்ட மேற்குக் கரைக்குப் படையுடன் கலமேறுகிறான். சாவாமையைப் பறிக்கவே செல்கிறான். தீவு கடலுள் மூழ்குகிறது. தட்டையாயிருந்த உலகம் உருண்டையாக வளைக்கப்படுகிறது. அதன்பின் மனிதர் எத்தனை தொலைவு மேற்கே சென்றாலும், புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வருவர். வெளியின் வடிவம் மாறியது. பறிப்பது தவறு என்னும் விதி மாறவில்லை.

அந்த மாணவியை மீண்டும் கண்டால் இவ்வாறு சொல்வேன்: “மகளே, அப்படியொரு உலகத்தை எழுத முடியும். ஆனால் அதைப் படிப்பவர் ஒவ்வொருவரும் காட்டிக்கொடுக்கப்பட்டவன் பக்கமே நிற்பர். எழுத்தாளன் அதை விரும்பாவிட்டால், அவனுடைய முகத்தை மறைக்க வேண்டியிருக்கும்.” பிறகு, அவளிடம் சொல்வதைவிட எனக்கே சொல்லிக்கொள்ள வேண்டிய ஒன்றும் உண்டு. நான் விரும்பியது எளிதாகக் கைகூடும் நாளில், அதற்கு விலை கொடுத்தவர் யார், அவர் முகம் எனக்கு ஏன் தெரியவில்லை என்று கேட்டுப் பழக வேண்டும். நம் உலகிலும் முகங்கள் மறைக்கப்படுகின்றன. அவற்றை மறைப்பதற்குக் கதாசிரியர் எவரும் தேவைப்படவில்லை.