கவாத்தும் கருணையும்

திருமங்கலத்தைச் சுற்றியுள்ள மல்லிகைத் தோட்டங்களின் வழியே மார்கழிப் பிறப்பில் நடந்து செல்லும் அயலூர்க்காரர் ஒருவர், தழைத்து நின்ற புதர்களெல்லாம் இலையும் கிளையும் இழந்து ஒன்றரை அடிக் குச்சிகளாய் நிற்பதைக் கண்டால், அந்நிலத்துக்கு ஏதோ பெருங்கேடு நேர்ந்துவிட்டதென்றே எண்ணுவார். வெட்டியவரோ, அதே குச்சிகளின் நடுவே நின்று, பங்குனியில் வரப்போகும் பூவுக்கு இப்போதே கணக்குப் போட்டுக்கொண்டிருப்பார். ஒருவர் கண்ணுக்கு நாசமாகவும் மற்றவர் கண்ணுக்குப் போஷணையாகவும் தோன்றும் இந்தக் கவாத்தை, ஈசுவரன் மனிதருக்கு அனுப்பும் துக்கத்துக்கு உவமையாக எடுத்தாளுவது நம் பிரசங்கிகளிடையே வழக்கம். நானும் அதை எடுத்தாண்டவன்தான். அவ்வுவமை எதுவரை செல்லும் என்பதை, பூச்செடிகளோடு பல ஆண்டுகள் பழகிய பின் இப்போது எண்ணிப் பார்க்கிறேன்.

குளிர் தேசங்களில் செடியை உறங்கவைக்கும் வேலையைப் பனிக்காலமே செய்துவிடுகிறது. நம் உஷ்ண பூமியிலோ, தண்ணீர் கிடைக்கும்வரை மல்லிகை வளர்ந்துகொண்டே போகும். வளர்கிறதே தவிரப் பூப்பது குறையும். ஏனெனில் அரும்பு கட்டுவது புதுத்துளிரின் நுனியில்தான். முதிர்ந்த கிளையில் அன்று. ஒவ்வொரு கிளையின் நுனிக்குருத்தும் ஆக்ஸின் என்னும் ஊக்கப்பொருளை உண்டாக்கிக் கீழ்நோக்கி அனுப்பி, தனக்குக் கீழேயுள்ள கணுக்களின் மொட்டுக்களை விழிக்கவொட்டாமல் அடக்கி வைக்கிறது. நுனியை வெட்டியதும் அந்த அடக்குமுறை ஒழிகிறது. அதுவரை பட்டைக்குள் இருப்பதே தெரியாதிருந்த மொட்டுக்கள் பக்கங்களில் வெடித்துத் துளிர்விடுகின்றன. வெட்டு புதிதாக எதையும் கொடுப்பதில்லை. உள்ளே உறங்கிக் கிடந்ததற்கு வழிவிடுகிறது. ஆன்மாவை மறைக்கும் மலம் பக்குவப்பட்டு நீங்கும் நிலையாகிய மலபரிபாகம் என்று சைவ சித்தாந்திகள் பேசுவதை நான் முதன்முதலில் மனத்தில் வாங்கிக்கொண்டது இந்தக் கணுக்களைப் பார்த்துத்தான்.

ஆனால் வெட்டு என்பது கத்தரி எடுத்த கணத்தில் தொடங்கி அக்கணத்திலேயே முடிவதன்று. அதற்கென்று பருவம் உண்டு: குண்டுமல்லிக்குக் கார்த்திகைக் கடைசியிலிருந்து மார்கழி முடிய. முல்லைக்குத் தை மாதம். அதற்கு முன்னரே நீர்ப்பாய்ச்சலை நிறுத்திச் செடியை வாடவிட வேண்டும். வெட்டியபின் மிஞ்சிய இலையை உருவி, தூரைச் சுற்றிக் கொத்தி, செடி ஒன்றுக்குப் பத்துக் கிலோ தொழு உரம் இட்டு, பிறகுதான் தண்ணீர். நந்தியாவட்டைக்கு இத்தனை கடுமை ஆகாது. காய்ந்த குச்சியை ஒடித்துவிட்டால் போதும். பவழமல்லியோ தானே உதிர்த்துத் தருகிறது; தரையில் விழுந்தும் பூஜைக்கு ஏற்கும் பூ அது. இப்படிச் செடிக்குச் செடி ஸ்வபாவம் வேறு. இதை அறியாத இளம் வயதில், ஒரு சித்திரை மாதத்தில், வாசல் மல்லிகை அடர்ந்துவிட்டதென்று நான் ஒட்ட வெட்டினேன். தன் நிழலிலேயே வளர்ந்த உட்கிளைகள் திடீரென்று வெயிலுக்கு வந்து, பட்டை வெடித்து, ஆடி பிறக்குமுன் வேர்வரை காய்ந்துபோயின. கை அதே கை, கத்தரி அதே கத்தரி. ஆயினும் அது கவாத்து ஆகவில்லை.

சில ஆண்டுகளுக்கு முன், எங்கள் தெருவில் ஓர் அம்மையார் தம் இருபது வயது மகனைக் காய்ச்சலுக்குப் பறிகொடுத்தார். நான் ஆறுதலாக எண்ணி, இறைவன் தனக்குப் பிரியமான செடியையே கவாத்து செய்கிறான் என்று கடிதம் எழுதி அனுப்பினேன். ஒரு மாதம் கழித்துக் கோயில் வாசலில் என்னைக் கண்ட அவர், கோபம் ஏதுமின்றி, "வெட்டுன செடி துளுக்கும், சரி. வெட்டிப் போட்ட கிளைக்கு என்னங்கய்யா கெடைக்கும்?" என்று கேட்டார்.

அந்தக் கேள்விக்கு இன்றளவும் என்னிடம் விடை இல்லை. தாயைச் செடியாகவும் மகனைக் கிளையாகவும் வைத்தாலன்றி என் உவமை நிற்காது; அந்தப் பிள்ளையோ தனக்கென வேரும் தனக்கெனப் பூக்கும் காலமும் உடைய தனிச்செடி. ஒரு ஜீவனின் பக்குவத்துக்காக மற்றொரு ஜீவனைக் கருவியாக்கும் கணக்கை எந்தத் தோட்டக்காரரும் ஒப்பமாட்டார். ஈசுவரன்மேல் அதை ஏற்றுவதற்கு நான் யார்?

அப்படியானால் துன்பத்தின் வடிவில் வரும் அருளை மறக்கருணை என்று பெரியோர் சொன்னது பொய்யோ என்று நெடுநாள் கலங்கினேன். பிறகு ஒன்று தெளிந்தது. அறுத்தும் சுட்டும் குணப்படுத்தும் மருத்துவனிடம் நோயாளிக்கு மாறாத காதல் உண்டு என்று பெருமாள் திருமொழியில் பாடிய குலசேகரர், அதைத் தம்மைப் பற்றித்தான் பாடினார். அடுத்த வீட்டு நோயாளியின் கட்டிலருகே நின்று பாடவில்லை. சூலைநோய் தமக்கு அருளாயிற்று என்று அறிந்தவர் அந்நோயைத் தம் வயிற்றில் சுமந்த அப்பரே. அவர் துடித்து வந்து விழுந்த இரவில் தமக்கை திலகவதியார் திருநீறு தந்தார். விடியுமுன் கோயிலைப் பெருக்கவும் மெழுகவும் நீர்த்தோண்டியோடு புறப்பட்டபோது தம்பியை உடன் அழைத்துச் சென்றார். துக்கத்தைக் கிருபை என்று பெயரிடும் உரிமை துக்கித்தவருக்கே உண்டு. அதுவும் அவர் சொல்லும் வேளையில். பக்கத்தில் இருப்பவருக்கு உரியது தோண்டி மட்டுமே.

மகன் இறந்த அந்த ஆண்டு, தை பிறந்தபின் அம்மையார் வீட்டுக்குப் போனேன். முற்றத்து மல்லிகைப் புதர் வெட்டப்படாமல், பழைய கிளைகள் தரையில் புரள நின்றது; வருஷந்தோறும் அதை வெட்டி வந்தது அந்தப் பிள்ளையாம். நான் கத்தரி கொண்டு போயிருந்தேன். "இந்த வருஷம் அப்படியே இருக்கட்டுங்கய்யா" என்றார். கத்தரியைப் பைக்குள் வைத்துவிட்டு, தூரைச் சுற்றி மண்டியிருந்த களையை மட்டும் பிடுங்கி, கிணற்றிலிருந்து இரண்டு குடம் நீர் இறைத்து ஊற்றினேன். மண் உறிஞ்சி முடிக்கும்வரை அவர் திண்ணையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.