குகைமீனும் உயிரின் ஒளியும்

ஓசூரினின்றும் அன்பர் ஒருவர் நமக்கு ஒரு வினா விடுத்துள்ளார். சந்திரசூடேசுவரர் எழுந்தருளிய மலையடியில் வாழ்பவர். தொழிற்சாலையொன்றில் இராப்பணி செய்பவர். மலைக்குகை நீரில் தன்னுடம்பின் ஒளியால் விளங்கி வாழும் மீனொன்றைப் பற்றிய கற்பனைக் கதையைத் தம் மகவுக்குப் படித்துக் காட்டுங்கால் அவர்க்கு இவ்வையம் பிறந்ததாம்: ஞாயிறும் விளக்கும் வேண்டாது தன்னொளியானே அனைத்தும் காணும் அம்மீனைப்போல உயிரும் தானே ஒளியாய் நிற்றல் கூடாதோ? கூடுமாயின், திருவருளின் துணை எற்றுக்கு? வினா சிறிதன்று.

முதற்கண் உவமைப் பொருளை ஆராய்வாம். நிலத்தடி இருளில் வாழும் மீன்கள் மெய்யாகவே உள. கோட்டயத்துக் கிணறொன்றிற் கிடைத்த ஹோராகிளானிஸ் கிருஷ்ணை என்னும் மீனை ஏ. ஜி. கே. மேனன் 1950-இல் உலகிற்கு அறிவித்தார். விரலளவும் நீளாத கெளுத்தியினம் அது. கண் இல்லை, தோலில் நிறமின்மையால் உள்ளோடும் குருதியின் செம்மையே புறத்தே தோன்றும். செம்புரைக்கல்லின் இடுக்குநீரே அதன் உலகம். அவ்வினத்துப் பிறிதொன்றிற்கு 2023-இல் பொதுமக்களின் பெயரால் 'பாபுலி' என்று பெயரிட்டனர். கிணறும் தொட்டியும் துலக்குவோர் கண்டு சொன்னாலன்றி அறிஞர்க்கு எட்டாத உயிர்கள் அவையாதலின் அது தக்கதே. ஆயின் குகைமீன்களுள் ஒன்றேனும் ஒளிர்வதாக அறியப்பட்டிலது.

ஒளிரும் உயிர்கள் வேறிடத்து உள. ஆழ்கடல் தூண்டில்மீன் தலைமேல் விளக்கேந்தித் திரிகின்றது. அவ்வொளியோ அதனுள் குடிகொண்ட நுண்ணுயிர்களினுடையது. நியூசிலாந்தின் குகைக் கூரைகளில் ஒருவகைப் புழுக்கள் விண்மீன்களென மிளிர்கின்றன. பசையிழைகளைத் தொங்கவிட்டு, ஒளிகண்டு மயங்கிவரும் சிறுபூச்சிகளைப் பிடித்துண்கின்றன. முன்னது இரவல் ஒளி. பின்னது இரைதேடும் ஒளி. தம்மைத் தாமே சோதியெனச் சொல்லித் திரிவார் சிலரை இவை நமக்கு நினைப்பூட்டுதல் வியப்பன்று.

இனிக் கதையிற் கண்டவாறே ஒரு மீன் உண்டென்று கொள்வோம். அப்பொழுதும் அன்பர் கருத்து நிறைவேறாது. என்னை? அவ்வொளி உடம்பினது, உடம்பு மாயையின் காரியம், சடம். ஒளி பொருளைக் காட்டுமேயன்றித் தான் காட்டுவதை அறியாது. அறிவது மீனின் உயிர். அவ்வுயிரும் ஒளி காட்டியவழியன்றிக் கண்டிலது. ஆகவே கதைமீன் ஏந்தியது சகலநிலையில் உயிர்க்குத் தனுகரணங்களாய் உதவும் மாயை விளக்கே. விடியலன்று அது, விடியுமளவும் உதவும் கைவிளக்கு. காட்டுவார் இன்றிக் காணுதல் உயிர்க்கு இல்லை என்பதே இதனாற் பெறப்படும்.

அன்பர் எழுப்பாத, இதனினும் வலிய தடையொன்று உண்டு. நெடுங்காலம் இருளில் கிடந்த மீன் கண்ணையே இழந்ததெனின், அநாதியே ஆணவ இருளிற் பட்ட உயிரின் அறிவாற்றலும் அழிந்தொழிந்திருக்கும் அன்றோ? அழிந்ததை அருள் விளக்குதல் யாங்ஙனம்? இவ்வினாவே நம்மைப் பலநாள் நிறுத்தி வைத்தது. மெக்சிகோ நாட்டுக் குருட்டுக் குகைமீனிடத்து நிகழ்ந்த ஆய்வு ஈண்டுக் கருதத்தக்கது. அதன் கருவிலே கண் அரும்புகின்றது. பின்னரே தேய்ந்து மறைகின்றது. யமமோட்டோ, ஜெஃப்ரி என்னும் இருவர், வெளிநீரில் வாழும் அவ்வினத்துக் கருவின் கண்வில்லையை எடுத்துக் குகைமீனின் கருவில் வைத்தனர். மறைய வேண்டிய கண் வளர்ந்தது. இது 2000-இல் வெளிவந்தது. வெவ்வேறு குகைகளின் குருட்டு மீன்களைக் கூட்டியபொழுது குஞ்சுகளிற் சில பார்வையுடன் பிறந்தமையை 2008-இல் பொரோவ்ஸ்கி என்பார் காட்டினார். இழந்ததென்று எண்ணிய ஆற்றல் அடங்கிக் கிடந்தது. பிறிதொன்றன் துணை வந்துழி வெளிப்பட்டது. ஆணவம் உயிரறிவை மறைக்குமன்றி அழிக்காது என்னும் நம் கோட்பாட்டிற்கு இஃது அணுக்கமான உவமை.

உவமையே, சான்று அன்று. உடம்பின் உறுப்பிற் கண்டதைக் கொண்டு உயிரியல்பை நிறுவ முற்படின், எதிர்வழக்காடுவார் வேறொரு மீனைக் கொணர்ந்து அதனையே மறுப்பர். அன்றியும் கோட்டயத்து மீன் கேவலநிலையில் உள்ளதுமன்று. கேவலத்தில் உயிர்க்கு அறிவு நிகழ்ச்சியே இல்லை. இம்மீனோ மீசையாலும் மேனியாலும் நீரின் அசைவறிந்து இரைதேடி இனம்பெருக்குகின்றது. கண்ணின்மை அதற்குக் குறையென்று நாம் இரங்குவது நம் கண்ணின் செருக்கேயாம்.

கிருஷ்ணகிரிப் பக்கம் கருங்கற்பாறை நிலம். அங்கு ஆழ்துளையிட்டு நீர் எடுப்பதைக் காணாதார் இல்லை. கேரளத்திலும் கிணற்றுநீர் வற்றின் அக்கெளுத்திகளுக்கு ஒதுங்க வேறிடம் இல்லை. நீர்வாழ்வனவாய்ப் பிறப்பெடுத்த அவையும் உயிர்களே என்பதை நம் நூல்வழி நிற்பார்க்கு எடுத்துரைக்க வேண்டா. அன்பர் தம் மகவுக்கு அக்கதையை இனியும் படித்துக் காட்டுக, தடையில்லை. கோட்டயத்துக் கிணற்று மீனையும் உடன் சொல்லுக.