பொன்வாயிலின் முன் ஒரு கேள்வி

நமக்குத் தீங்கு இழைத்தவர் எழுப்பிய அழகைக் கண்டு நாம் மகிழலாமா? நம் விசுவாச முன்னோரின் இரத்தத்தைச் சிந்தியவர்களின் நினைவாக எழுந்த கலைக்கோயிலின் முன் நின்று வியப்பது, அந்த முன்னோருக்குச் செய்யும் துரோகமாகுமா? இக்கேள்வியைக் குருமடத்து இறையியல் வகுப்பில் எவரும் என்னிடம் கேட்டதில்லை. ஒருநாள் சுற்றுலாவுக்குப் போன இடத்தில்தான் அது என்னை வழிமறித்தது.

என் பழைய பங்கைச் சேர்ந்த குடும்பம் ஒன்று டோக்கியோவில் வாழ்கிறது. அவர்களுடைய தலைப்பிள்ளைக்குத் திருமுழுக்கு அளிக்க நான் அங்குச் சென்றிருந்தேன். சடங்கு நிறைவுற்றபின் இரண்டு நாள்கள் எஞ்சியிருந்தன. "சாமி, இவ்வளவு தூரம் வந்துவிட்டு நிக்கோவைப் பார்க்காமல் போகக் கூடாது" என்று சொல்லி, வழிகாட்டியுடன் செல்லும் பேருந்து ஒன்றில் எனக்கு இடம் பதிந்து கொடுத்தார்கள். காலையில் புறப்பட்டு, கோயில்களையும் அருவியையும் கண்டுவிட்டு, இரவுக்குள் திரும்பிவிடும் பயணம் அது.

நிக்கோ, டோக்கியோவுக்கு வடக்கே ஏறத்தாழ 140 கிலோமீட்டர் தொலைவில் உள்ள மலையூர். 8-ஆம் நூற்றாண்டில் ஷோதோ என்னும் பௌத்தத் துறவி அங்கே தவப்பள்ளி அமைத்த நாள்முதல் அது புனித மலையாகப் போற்றப்படுகிறது. நிக்கோவைக் காணும்வரை எதையும் அருமை என்று சொல்லாதே என்பது ஜப்பானியர் பழமொழி. வானளாவிய தேவதாரு மரங்களின் நடுவே, சிவப்பும் பொன்னுமாய் ஒளிரும் தோஷோகு ஆலயத்தைக் கண்டபோது அப்பழமொழியில் மிகை இல்லை என்று உணர்ந்தேன். அதன் யோமெய்மோன் வாயிலில் மட்டும் 500-க்கும் மேற்பட்ட சிற்பங்கள் உள்ளன. பொழுது சாயும்வரை பார்த்துக்கொண்டே நிற்கத் தோன்றுமாதலால், அந்திவரை நிறுத்தும் வாயில் என்ற பொருளில் அதற்கு மற்றொரு பெயரும் உண்டு. நானும் என்னை மறந்து நின்றேன்.

அப்போது வழிகாட்டிப் பெண்மணி அந்த ஆலயத்தின் வரலாற்றைச் சொல்லத் தொடங்கினார். அங்கே தெய்வமாக வணங்கப்படுபவர் தொகுகாவா இயெயாசு. நூறாண்டுக்கு மேலாக உள்நாட்டுப் போர்களால் சிதறுண்டு கிடந்த ஜப்பானை ஒரே ஆட்சியின்கீழ்க் கொணர்ந்தவர். 1616-இல் மறைந்தார், மறு ஆண்டு நிக்கோவில் தெய்வமாக நிலைநிறுத்தப்பட்டார். இன்று நாம் காணும் எழிலார்ந்த கட்டடங்களை 1634 முதல் 1636 வரை எழுப்பியவர் அவருடைய பேரன் இயெமித்சு.

இவ்விரு பெயர்களையும் கேட்டதும் என் உள்ளம் திடுக்கிட்டது. அவை நான் குருமடத்தில் திருச்சபை வரலாற்றில் படித்த பெயர்கள். நம் முத்துக்குளித்துறைக் கடற்கரையில் கால்நோக நடந்து மறைக்கல்வி புகட்டிய புனித பிரான்சிஸ் சவேரியார்தாம், 1549 ஆகஸ்டு 15 அன்று ஜப்பானின் ககோஷிமாவில் கரையிறங்கி அங்கும் நற்செய்தியை விதைத்தார். அவ்வகையில் அந்நாட்டுக் கிறிஸ்தவர்களும் நாமும் ஒரே தந்தையின் கைப்பிடித்து நடை பழகிய பிள்ளைகள். அந்தப் பயிரை வேரோடு களையும் ஆணை, இயெயாசுவின் அதிகாரத்தின்கீழ் 1614-இல் பிறந்தது. குருக்கள் நாடு கடத்தப்பட்டனர். தக்காயாமா உக்கோன் என்னும் பிரபு, விசுவாசத்தைக் கைவிட மறுத்து மணிலாவுக்குச் சென்று, 1615-இல் அங்கே உயிர்நீத்தார். 2017-இல் திருச்சபை அவரை அருளாளராக உயர்த்தியது. இயெமித்சுவின் காலத்தில் கொடுமை உச்சத்தை எட்டியது. ஆண்டவரின் திருவுருவைக் காலால் மிதிக்கச் சொல்லி மக்களைச் சோதித்தார்கள். மிதிக்க மறுத்தவர்கள் வதைக்கப்பட்டார்கள்.

நான் நின்றிருந்தது அந்த இயெமித்சு, அந்த இயெயாசுவுக்காக எழுப்பிய வாயிலின் முன். சற்றுமுன் என் வாயிலிருந்து வெளிப்பட்ட வியப்புச் சொல் எனக்கே கசந்தது. கண்களைத் தாழ்த்திக்கொண்டு ஒதுங்கி நிற்கலாமா என்று எண்ணினேன்.

கண்களைத் தாழ்த்துவது பற்றி அந்த ஆலயமே ஒரு பாடம் வைத்திருக்கிறது. உலகெங்கும் அறியப்பட்ட மூன்று குரங்குகள் அங்குள்ள புனிதக் குதிரை லாயத்தின் முகப்பில்தான் இருக்கின்றன. தீயதைப் பாராதே, கேளாதே, பேசாதே என்னும் அந்தச் சிற்பத்தை நம் நாட்டில் காந்தியடிகளின் பெயரோடு இணைத்து அறிந்திருக்கிறோம். ஆனால் அது தனிச் சிற்பமன்று. எட்டுப் பலகைகளில் செதுக்கிய ஒரு வாழ்க்கைக் கதையின் இரண்டாம் காட்சி என்பதை நான் அன்றுதான் அறிந்தேன். முதற்காட்சியில் தாய்க்குரங்கு குட்டியின் எதிர்காலத்தை நோக்குகிறது. அடுத்தது மூன்று குரங்குகள்: குழந்தைப் பருவத்தில் தீமை மனத்தில் படியலாகாது என்பது அதன் பொருள். பின்னர் அக்குரங்கு வளர்கிறது; தனித்து எழ முற்படுகிறது; வானத்தை நோக்குகிறது; சோர்ந்தவனைத் தோழன் தேற்றுகிறான்; காதலும் இல்லறமும் வருகின்றன. அப்படியானால், கண்ணை மூடிக்கொள்வது குழந்தைக்கு உரிய காவலேயன்றி வளர்ந்தவனுக்கு உரிய அறம் அன்று. வளர்ந்தவன் பார்க்க வேண்டும்.

எதைப் பார்க்க வேண்டும்? அழகையா, இரத்தத்தையா? இக்கேள்விக்கு விடை தேடியபோது, நம் ஆண்டவர் நடமாடிய எருசலேம் ஆலயம் என் நினைவுக்கு வந்தது. அதைப் புதுப்பித்துப் பேரெழிலோடு கட்டத் தொடங்கியவர் யார்? பெரிய ஏரோது. பெத்லகேமின் மாசில்லாக் குழந்தைகளைக் கொல்லச் சொன்னதாக மத்தேயு நற்செய்தி குறிப்பிடும் அதே ஏரோது. தம்மைக் கொல்லத் தேடியவன் எழுப்பிய மண்டபத்திற்குத்தான் குழந்தை இயேசு காணிக்கையாக எடுத்துச் செல்லப்பட்டார். பன்னிரண்டு வயதில் அங்கேதான் அமர்ந்து போதகர்களிடம் கேள்வி கேட்டார். அதையே தம் தந்தையின் இல்லம் என்று அழைத்தார். ஏரோதின் கை பட்டது என்பதற்காக அவர் அதை ஒதுக்கவில்லை. ஆனால் சீடர்கள் அதன் கற்களின் பெருமையைச் சுட்டிக்காட்டியபோது அவர் மயங்கவுமில்லை. கல்லின்மேல் கல் நில்லாத ஒரு நாளைப் பற்றிச் சொன்னார். அந்நகரைப் பார்த்துக் கண்ணீரும் விட்டார்.

இதுவே கிறிஸ்தவப் பார்வை என்று எனக்குப் பட்டது. அழகு முழுவதும் அரசனுக்குச் சொந்தமன்று. ஆணையிட்டவர் இயெமித்சு, ஆனால் உளி பிடித்தவர்கள் பெயர் தெரியாத தச்சர்கள், சிற்பிகள், அரக்குப் பூசியவர்கள். அவர்களது கைத்திறன் எவரிடமிருந்து வந்தது? உண்மை, நன்மை, அழகு யாவற்றிற்கும் ஊற்று இறைவனே என்று நாம் கற்றிருக்கிறோமே! பிற சமயங்களில் உள்ள உண்மையானதும் தூயதுமான எதையும் திருச்சபை புறக்கணிப்பதில்லை என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965-இல் அறிக்கையிட்டதும் நினைவுக்கு வந்தது. ஆகவே அழகை மறுப்பது நேர்மையன்று. அதே வேளையில், அழகு குற்றத்தைக் கழுவிவிடும் என்று எண்ணுவதும் நேர்மையன்று.

அங்கே உறங்கும் பூனையின் சிறிய சிற்பம் ஒன்று உண்டு. அதன் பின்புறத்தில் சிட்டுக்குருவிகள் விளையாடுகின்றன. பூனை உறங்குவதால் குருவிகள் அச்சமின்றி ஆடும் அமைதிக் காலத்தை அது குறிக்கும் என்பார்கள். தொகுகாவா ஆட்சி இரண்டரை நூற்றாண்டு நாட்டைப் பெரும்போரின்றிக் காத்தது உண்மை. அந்த அமைதியால் எத்தனையோ ஏழைக் குடிகள் பிழைத்தார்கள் என்பதையும் மறுக்கலாகாது. ஆனால் எல்லாக் குருவிகளுக்கும் அந்தப் பூனை உறங்கவில்லை. ஓர் அமைதியைப் போற்றும்போது அதற்கு விலை கொடுத்தவர் யார் என்று கேட்பது மனச்சான்றின் கடமை.

இப்படி எண்ணிய கணமே, அதே கேள்வி என்னை நோக்கியும் திரும்பியது. ஜப்பானின் முதல் கிறிஸ்தவப் பிரபுவான ஓமுரா சுமித்தாதா 1563-இல் திருமுழுக்குப் பெற்றார். பதினோர் ஆண்டுகளுக்குப்பின் அவரது ஆட்சிப்பகுதியில் பௌத்த, ஷிண்டோ ஆலயங்கள் அழிக்கப்பட்டன. மக்கள் கூட்டங்கூட்டமாக மதம் மாற்றப்பட்டனர். மறைசாட்சியரின் வரலாற்றை ஆர்வத்தோடு பிரசங்கம் செய்த நான், இந்தப் பக்கத்தை எத்தனை முறை சொல்லியிருக்கிறேன்? ஒருமுறைகூட இல்லை. அங்கே கண்ணைப் பொத்திக்கொண்டிருந்த குரங்கு நானேதான். திருச்சபையின் பிள்ளைகள் செய்த தவறுகளுக்காகத் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் 2000 மார்ச் 12 அன்று இறைவனிடம் வெளிப்படையாக மன்னிப்பு வேண்டினாரே, அது பிறர் காயத்தையும் பார்க்கத் துணிந்த கண்களின் செயல்.

இயெயாசுவின் கல்லறைக்கு 207 கற்படிகள் ஏற வேண்டும். மூச்சு வாங்க ஏறினேன். மேலே ஆடம்பரம் ஒன்றுமில்லை. மரங்களின் நிழலில் ஒரு வெண்கல நினைவுச்சின்னம், அவ்வளவே. வந்தவர்கள் தலைவணங்கிக் கைகூப்பினர். நான் என்ன செய்வது? அவரைத் தெய்வமென வணங்க என்னால் இயலாது. முகத்தைத் திருப்பிக்கொண்டு போகவும் மனம் வரவில்லை. துன்புறுத்துவோருக்காக மன்றாடுங்கள் என்ற ஆண்டவரின் கட்டளை, உயிரோடிருக்கும் பகைவருக்கு மட்டும்தானா? அவரை நோக்கி மன்றாடியவர்களின் நடுவே நின்று, நான் அவருக்காக மன்றாடினேன். தெய்வமாக்கப்பட்ட அந்த மனிதருக்காக ஒரு பாவியின் செபம். அந்த வேளையில் என் மனத்திலிருந்த கசப்பு சற்றே இளகியது.

பிற்பகலில் பேருந்து இரோஹா மலைச்சாலையில் ஏறியது. ஏற ஒன்றும் இறங்க ஒன்றுமாக உள்ள அவ்விரு சாலைகளிலும் மொத்தம் 48 கொண்டையூசி வளைவுகள். பழைய ஜப்பானிய அரிச்சுவடியின் ஒவ்வோர் எழுத்தும் ஒவ்வொரு வளைவுக்குப் பெயர். மேலே சூசென்ஜி ஏரி. அதன் நீர்தான் 97 மீட்டர் உயரத்திலிருந்து கெகோன் அருவியாய் விழுகிறது. பாறையைக் குடைந்து அமைத்த மின்தூக்கியில் இறங்கி, அருவியின் எதிரே நின்றோம். சாரல் முகத்தில் பட்டது. நந்தாய் எரிமலை கக்கிய குழம்பு பள்ளத்தாக்கை அடைத்ததால் உண்டான ஏரி அது என்றார் வழிகாட்டி. அழிவிலிருந்து பிறந்த அழகு என்று அருகிலிருந்த பயணி ஒருவர் வியந்தார். எனினும் எரிமலையையும் அரசனையும் ஒரே தராசில் வைக்கலாகாது. மலைக்கு மனச்சான்றில்லை, அதன் அழகு எவரிடமும் கணக்குக் கேட்பதில்லை. மனிதர் எழுப்பிய அழகின் முன் நிற்கும்போதுதான் நாம் வியக்கவும் வேண்டும், வினவவும் வேண்டும்.

இரவு டோக்கியோ திரும்பினோம். அந்நகரின் பழைய பெயர் எதோ. இயெமித்சு பதவியேற்ற 1623-ஆம் ஆண்டின் டிசம்பர் 4 அன்று, அங்கே குருக்களும் பொதுநிலையினருமாக 50 கிறிஸ்தவர்கள் உயிரோடு எரிக்கப்பட்டார்கள். மறுநாள் காலையில், பிள்ளையின் தந்தையை அழைத்துக்கொண்டு, மீதாப் பகுதியில் அவ்விடத்தை நினைவூட்டும் கல்லைத் தேடிப் போனேன். அந்த வட்டாரத்தில் பலமுறை நடந்திருந்தும் அப்படியொரு கல் இருப்பது அவருக்குத் தெரியாது. உயர்ந்த கட்டடங்களின் இடையே அலுவலகம் செல்வோர் விரைந்துகொண்டிருந்தனர். நாங்கள் இருவரும் ஒரு 'பரலோக மந்திரம்' சொன்னோம். குற்றங்களை மன்னிக்க வேண்டும் வரியில் அவர் குரல் சற்றே தயங்கியதைக் கவனித்தேன்.

திரும்பும் வழியில் அவர் கேட்டார்: "சாமி, பிள்ளை வளர்ந்ததும் இதை எப்படிச் சொல்வது? நிக்கோவுக்கு அழைத்துப் போகலாமா, வேண்டாமா?"

"அழைத்துப் போங்கள். அந்த வாயிலின் முன் ஆசைதீர நிற்கட்டும். மறுநாள் இந்தக் கல்லின் முன்னும் கொண்டுவந்து நிறுத்துங்கள். ஓமுராவின் கதையையும் மறைக்காதீர்கள்" என்றேன்.

யோமெய்மோன் வாயிலில் ஒரு தூணில் மட்டும் செதுக்கு வேலைப்பாடு தலைகீழாக அமைந்திருக்கிறது. பிழையன்று, முழுமையடைந்தது அழியத் தொடங்கும் என்று அஞ்சி வேண்டுமென்றே அவ்வாறு அமைத்தார்களாம். வாசக அன்பர்களே, நம் குடும்பங்களும் பங்குகளும் தத்தம் வரலாற்றைச் சொல்லும்போது தலைகீழான அந்த ஒரு தூணையும் பிள்ளைகளுக்குக் காட்டுகிறோமா?