கூடு மாறும் இயங்குதளமும் திருமூலர் வரலாறும்

ஓர் உடலுக்கென அமைந்தது வேறோர் உடலில் இயங்கும்போது அது முன்னிருந்த அதுவேதானா என்னும் வினா மெய்யியலுக்குப் பழையது. கைப்பேசிக்கென உருவான ஆண்ட்ராய்டு இயங்குதளத்தை, அதாவது வன்பொருளுக்கும் செயலிகளுக்கும் இடையே நின்று இரண்டையும் இணைக்கும் அடிப்படை மென்பொருளை, ஒரு கருவியைப் போலவே மற்றொன்றை இயங்கச் செய்யும் எமுலேட்டர் என்னும் மென்பொருள் வழியே மடிக்கணினியில் இயக்கிச் செயலிகளைச் சோதிப்பது பெங்களூரு மென்பொருள் நிறுவனங்களில் அன்றாடப் பணியாகிவிட்ட நிலையில், அவ்வினா புதிய வடிவம் பெறுகிறது.

இயங்குதளம் இவ்வாறு கருவி மாறுவது எளிதன்று. கைப்பேசிச் சில்லுகள் பெரும்பாலும் ஆர்ம் வகைக் கட்டளைகளையும், மடிக்கணினிச் சில்லுகள் பல எக்ஸ்86 வகைக் கட்டளைகளையும் ஏற்பனவாதலால், ஒன்றின் கட்டளையை மற்றொன்றுக்கு மொழிபெயர்க்க வேண்டும். அன்றேல், 2009-இல் தொடங்கிய ஆண்ட்ராய்டு-எக்ஸ்86 திட்டம் செய்ததுபோல, இயங்குதளத்தையே புதிய சில்லுக்கேற்பத் திருத்த வேண்டும். விரலை எதிர்பார்த்திருக்கும் செயலிக்கு மவுஸின் சொடுக்கே தொடுகையாகக் காட்டப்படுகிறது.

பெரியபுராணம் கூறும் திருமூலர் வரலாறு இங்கு நினைக்கத்தக்கது. கயிலையிலிருந்து வந்த சிவயோகியார், சாத்தனூரில் இறந்துகிடந்த மூலன் என்னும் ஆயனைச் சூழ்ந்து பசுக்கள் கதறுவது கண்டு இரங்கி அவனுடலில் புகுந்தார். பின்னர்த் தம் உடலைக் காணாது அவ்வுடலிலேயே தங்கித் திருமந்திரம் அருளினார். அவருடைய ஞானம் மாறவில்லை. ஆயினும் ஆயனின் பெயர் அவருக்கு நிலைத்தது, அவன் மனைவியும் அவரைக் கணவரென்றே உரிமை கொண்டாடினாள். உடல் தனக்கேயுரிய உறவுகளுடன்தான் வருகிறது.

எனினும் இயங்குதளத்தை உயிரெனக் கொள்வது பிழை. உயிருக்குத் தனு, கரணம், புவனம், போகம், அதாவது உடல், கருவி, உலகம், நுகர்ச்சி ஆகிய நான்கும் மாயையிலிருந்து இறைவனால் தரப்படுகின்றன என்பது சைவ சித்தாந்தம். அறிவற்ற சடமாகிய இயங்குதளம் கரணத்தின் பக்கமே சேரும். அறிந்து நுகரும் உயிர், அதைப் பயன்படுத்தும் மனிதரே. 2015 மே மாதத்தில் பெங்களூரைச் சேர்ந்த மிந்த்ரா நிறுவனம் தன் இணையதளத்தை மூடிச் செயலி வழியே மட்டும் ஆடை விற்கத் தொடங்கி, 2016 ஜூனில் கணினிக்கான தளத்தை மீண்டும் திறந்தபோது, மாறி மாறி வந்தவை கருவிகளே, வாங்குபவர் அவரேதான்.

ஆகவே, இயங்குதளம் அதுவேதானா என்னும் வினாவுக்கு முன்னதாகக் கேட்க வேண்டியது, அது யார்பொருட்டுக் கூடு மாறுகிறது என்பதாகும். சிவயோகியாரை மூலனுடலில் புகச் செய்தது பசுக்களின் துயரம். பயன்படுத்துவோரின் இடர் நீங்குமாயின் மட்டுமே இந்தக் கூடுமாற்றமும் பொருளுடையது.