சீட்டும் கத்ரும்

அறுகம்பேயில் சீசன் தொடங்கிக் கையில் காசு புழங்கும்போது எங்கள் வீட்டுப் பக்கம் பெண்கள் சீட்டுப் பிடிப்பார்கள். பத்துப் பேர், மாதம் ஆளுக்கு 5,000 ரூபாய். கொப்பித் தாளைக் கிழித்துப் பெயர்களை எழுதிச் சுருட்டி, அரிசி அளக்கும் சுண்டுக்குள் போட்டுக் குலுக்கி, சின்னப் பிள்ளை ஒன்றை எடுக்கச் சொல்வார்கள். வந்த பெயருக்கு 50,000. மாமிக்குக் கடைசி மாதம்தான் விழுந்தது. "அல்லாஹ் என்னத் திரும்பியும் பாக்கல்ல மகன்" என்றார். பணம் பிந்தியதைவிட அந்த நினைப்புத்தான் அவரை வாட்டியது.

நான் கணிதம் படிப்பிக்கிறவன். மரவரிப்படம் கீறும்போது பிள்ளைகளும் இதையே வேறு விதமாகக் கேட்பார்கள்: "எல்லாம் கத்ரில எழுதின படிதானே சேர் நடக்கும், அப்ப நிகழ்தகவு என்னத்துக்கு?"

எண்ணிப் பார்ப்போம். முதல் மாதத்துக்குப் பத்துப் பெயர், அடுத்ததற்கு ஒன்பது, பிறகு எட்டு. பெருக்கிக்கொண்டே போனால் 36,28,800 வரிசைகள். மாமியின் பெயர் முதலில் நிற்பவை 3,62,880. கடைசியில் நிற்பவையும் அதே 3,62,880. எந்த மாதத்தை எடுத்தாலும் பத்தில் ஒன்று. சுண்டு ஒருவரையும் ஒதுக்கவில்லை. எட்டாம் நூற்றாண்டில் பஸராவில் அல்-கலீல் இப்னு அஹ்மத், அகராதி செய்வதற்காக 28 அரபு எழுத்துகளும் எத்தனை விதமாகச் சேரும் என்று இப்படித்தான் ஆராய்ந்தார். எண்ணுவது ஈமானுக்கு எதிர் என்று அவர் நினைக்கவில்லை.

இந்தப் பத்தில் ஒன்று அல்லாஹ்வின் அறிவுக்கு அளவல்ல, நமது அறியாமைக்கு அளவு. எது வரும் என்று அவனுக்குத் தெரியும், நமக்குத் தெரியாது. தெரியாத இடத்தில் ஒருவரையும் கூட்டிக் குறைக்காமல் நடத்துவதற்குத்தான் கணக்கு. அம்பு எறிந்து குறி பார்ப்பதைக் குர்ஆன் தடுத்தது. அதே குர்ஆனில் மர்யம் அலைஹிஸ்ஸலாம் அவர்களை யார் பொறுப்பேற்பது என்று எழுதுகோல்களைப் போட்டுப் பார்த்த செய்தியும் இருக்கிறது. பிரயாணத்தில் எந்த மனைவியை அழைத்துப்போவது என்று நபிகள் நாயகம் ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்களும் சீட்டுக் குலுக்கினார்கள். சம உரிமை உள்ளவர்களுக்கிடையே தீர்ப்பதற்குக் குலுக்கலாம். மறைவானதை அறிவதற்குக் குலுக்கக் கூடாது. மாமி முதலாவதற்காகச் சேர்ந்துவிட்டு, முடிவை இரண்டாவதாக வாசித்துவிட்டார்.

கப்பலிலிருந்து யாரைக் கடலில் போடுவது என்று குலுக்கியபோது யூனுஸ் நபியின் பெயருக்குச் சீட்டு விழுந்ததே என்று கேட்கலாம். விழுந்ததன் பொருளை நமக்குச் சொன்னது வஹீ. மாமியின் சீட்டுக்கு வஹீ இறங்கவில்லை.

2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு இந்த வாசிப்பு இன்னும் கொடூரமாக வந்தது. இலங்கையில் ஆகக் கூடுதலான உயிர்களை இழந்தது எங்கள் அம்பாறை மாவட்டம்தான். சாய்ந்தமருதிலும் மருதமுனையிலும் பிள்ளையைப் பறிகொடுத்தவர்களின் காதில் விழவே அதைத் தண்டனை என்று சொன்னார்கள். அங்கே சுண்டுக் கணக்குப் பொருந்தாது. எல்லாருக்கும் சம வாய்ப்பு இருக்கவில்லை. சுமாத்திராவுக்கு அப்பால் நிலம் அதிர்ந்தது, அலை கரையேறியது, கடலோரம் குடியிருந்தவர்கள் முதலில் போனார்கள். தொழுதவர், தொழாதவர் என்று அலை பிரிக்கவில்லை. நீரில் மூழ்கி மௌத்தாகும் முஃமின் ஷஹீத் என்று ஹதீஸ் இருக்கிறது. மிம்பரில் ஏறுகிறவர்கள் அந்தத் தாய்மாருக்கு முதலில் அதைச் சொல்லியிருக்க வேண்டும்.