பெயர் வைப்பதும் பெயர் எடுப்பதும்

திருக்கேதீச்சரத்துப் பெருமானையும் கௌரி அம்பாளையும் மனத்தில் இருத்தி, எமது ஆலய மலருக்கு இச்சிறு கட்டுரையை எழுதத் தொடங்குகின்றேன்.

அருச்சனைத் தட்டை நீட்டியதும் குருக்கள் ஐயா நம்மிடம் கேட்பது இரண்டே இரண்டு: பெயர், நட்சத்திரம். என்ன படிப்பு, என்ன தொழில், எத்தனை ஏக்கர் வயல் என்று அவர் கேட்பதில்லை. இறைவன் சந்நிதியில் நம்மை அடையாளம் காட்டுவது நம் பெயர்தான்.

சென்ற திருவிழாவின்போது ஓர் இளந் தம்பதியினர் கைக்குழந்தையோடு வந்து அருச்சனைக்குக் கொடுத்தனர். குழந்தையின் பெயரைக் குருக்கள் மூன்று தடவை திருப்பிக் கேட்டும் அவர் நாவில் அது சரியாக வரவில்லை. "என்ன தம்பி பொருள்?" என்று அருகில் நின்ற நான் கேட்டேன். "பொருள் என்று ஒன்றும் இல்லை ஐயா. எண்சோதிடப்படி கூட்டுத்தொகை நல்லாய் வருகுது" என்றார் தகப்பன். நான் அவரைப் பழிக்கவில்லை. யுத்தத்தையும் இடப்பெயர்வையும் கண்டு வளர்ந்த தலைமுறை அது. பிள்ளைக்கு ஒரு கெடுதலும் வந்துவிடக்கூடாது என்ற பயமே அவரை எண்களிடம் அழைத்துச் சென்றது. ஆயினும் ஒரு கேள்வி என்னோடு வீடுவரை வந்தது. ஒரு பெயரின் பெறுமதி எங்கே இருக்கின்றது? எழுத்திலா, எண்ணிலா, வைத்தவர் மனத்திலா, அல்லது தாங்குபவரின் வாழ்விலா?

எங்கள் முன்னோருக்கு ஐரோப்பியரைப் போலப் பரம்பரையாகத் தொடரும் குடும்பப் பெயர் இருக்கவில்லை. தகப்பன் பெயர் முன்னே, தன் பெயர் பின்னே, அவ்வளவுதான். ஆனால் குடும்பத் தொடர்ச்சியை வேறு வழியில் காத்தார்கள். பாட்டனின் பெயரைப் பிள்ளையின் பிள்ளைக்கு வைத்தார்கள். பெயரைத் தாங்குபவன் 'பெயரன்'. அதுவே 'பேரன்' ஆயிற்று. பெயர்த்தியே பேத்தி ஆனாள். உறவின் பெயரே பெயரிலிருந்து பிறந்தது எவ்வளவு அழகு!

எங்கள் மன்னார் மண்ணில் மற்றச் சமயத்தவரும் பெயருக்குப் பொருள் தேடியவர்களே. கத்தோலிக்க அயலவர்கள் பவுல் அடிகளாரைச் சின்னப்பர் என்கின்றனர். இலத்தீனில் அப்பெயருக்குச் 'சிறியவர்' என்பது பொருள். குரூஸ் என்பது போர்த்துக்கேய மொழியில் சிலுவை. முஸ்லிம் சகோதரர்களின் அப்துல்லா என்ற பெயர் 'அல்லாஹ்வின் அடியான்' எனப் பொருள்படும். நமது சிவதாசனும் அதே பொருளைத்தானே சொல்கிறது? மொழி வேறு, வழிபாடு வேறு. தன் பிள்ளை இறைவனுக்கு உரியவனாக இருக்கவேண்டும் என்ற பெற்றவரின் வேண்டுதல் ஒன்றே.

அப்படியானால் பெயரின் பொருள் நன்றாக அமைந்தால் போதுமா? இங்கேதான் திருக்கேதீச்சரம் நமக்கு ஒரு பாடம் சொல்கின்றது.

பாற்கடல் அமுதத்தைத் தேவர் வேடத்தில் உண்ட அசுரனின் தலை துண்டிக்கப்பட, தலை இராகுவாகவும் உடல் கேதுவாகவும் ஆயின என்பது புராணம். கேது திசை 7 வருடம். அசுவினி, மகம், மூலம் ஆகிய நட்சத்திரங்களில் பிறந்தவருக்கு அத்திசையே முதலில் வருகின்றது. மூலம் என்றாலே முகம் சுளிப்போர் உண்டு. தம் பிள்ளைக்குக் 'கேது' என்று பெயர் வைத்த பெற்றோரை நான் கண்டதில்லை. ஆனால் அந்தக் கேது வழிபட்டமையால், அவன் பெயரையே தன் பெயரோடு சேர்த்துக்கொண்டு பெருமான் கேதீச்சரநாதர் ஆனார். இன்று எங்கள் ஊர்களில் கேதீஸ்வரன், கேதீஸ்வரி என்று எத்தனை பேர்! எவரும் விரும்பாத ஒரு பெயரை வழிபாடு மங்கலமாக்கிவிட்டது. எந்தக் கூட்டுத்தொகையும் செய்யாத மாற்றம் இது.

பெரிய புராணமும் இதையே காட்டுகின்றது. வேடர் தலைவன் நாகன் தன் மகனுக்கு வைத்த பெயர் திண்ணன். தூக்கும்போது திண்ணென்று இருந்ததால் வந்த பெயர். இறைவனுக்குக் கண்ணை அப்பியதால் கண்ணப்பர் என்பது அவர் எடுத்த பெயர். வைத்த பெயரில் உடலின் கனம் இருந்தது. எடுத்த பெயரில் அன்பின் கனம் இருக்கின்றது. திங்களூர் அப்பூதியடிகளோ தாம் கண்ணாலும் காணாத திருநாவுக்கரசரின் பெயரைத் தம் பிள்ளைகளுக்கும் தண்ணீர்ப் பந்தலுக்கும் இட்டார். பெயர் வைப்பது நன்றி செலுத்தும் ஒரு வழி என்பதை அவரிடம் கற்கலாம்.

பெயர் எவ்வளவு காலம் நிற்கும்? போர்த்துக்கேயர் காலத்தில் திருக்கேதீச்சரம் இடிக்கப்பட்டது. அதன் கற்கள் மன்னார்க் கோட்டை கட்டப் போயின என்பது வழிவழிச் செய்தி. கோயில் இருந்த இடம் காடானது. ஆனால் சம்பந்தரும் சுந்தரரும் பாடிய பதிகங்களில் மாதோட்டம் என்ற பெயரும் கேதீச்சரம் என்ற பெயரும் அழியாமல் இருந்தன. 1872ஆம் ஆண்டு ஆறுமுக நாவலர் இத்தலத்தை மீட்கும்படி சைவ மக்களை அழைத்தார். 1893இல் நிலம் வாங்கப்பட்டது. 1903இல் சிறு கோயில் எழுந்தது. 2022இல் கருங்கல் திருப்பணி நிறைவேறிக் கும்பாபிஷேகம் கண்டது. கல் போய்விட்டது, பெயர் நின்றது. அந்தப் பெயரைப் பிடித்துக்கொண்டே கல் திரும்பி வந்தது.

இன்னொன்றையும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. எமது ஆலயத்துக்கு வெள்ளிதோறும் ஒரு தாய் வருவார். 2009இல் காணாமற்போன மகனின் பெயரையும் நட்சத்திரத்தையும் சொல்லி இன்றும் அருச்சனை செய்விக்கின்றார். ஆடி அமாவாசைக்கு நாங்கள் பாலாவிக் கரையில் பிதிர்க்கடன் செய்யும்போது, அந்தப் பெயரை மட்டும் அவர் சொல்வதில்லை. அருச்சனை இருப்பவருக்கு. அவர் வாயில் அந்தப் பெயர் இருக்கும்வரை அவன் இருக்கின்றான். "இது சரியோ?" என்று சாத்திரம் கேட்கலாம். குருக்கள் ஐயா கேட்பதில்லை. பெயரைச் சங்கற்பத்தில் சொல்லித் தீபத்தைக் காட்டுகின்றார். பெயர் என்பது ஒருவரை அன்போடு அழைப்பதற்கே என்பதை அந்தத் தாயைவிட எனக்கு யாரும் தெளிவாகச் சொல்லித் தந்ததில்லை.

அதனால் இளம் பெற்றோரிடம் என் பணிவான வேண்டுகோள் இது. நட்சத்திர எழுத்தைப் பாருங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் அப்பம்மாவின் நாவிலும் வரக்கூடிய பெயராக வையுங்கள். அதன் பொருளையும், அதை ஏன் வைத்தோம் என்பதையும் பிள்ளைக்குச் சொல்லுங்கள். பிதிர்க்கடனில் தகப்பன், பாட்டன், பூட்டன் என மூன்று தலைமுறைப் பெயர் கேட்கும்போது பல பிள்ளைகள் விழிக்கின்றார்கள். அப்பெயர்களை இன்றே ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். வெளிநாட்டில் பிறந்த பிள்ளைகளுக்கு இது இன்னும் முக்கியம். இங்கே பூட்டனின் சொந்தப் பெயராக இருந்தது அங்கே குடும்பப் பெயராகி நிற்கின்றது. அது யாருடைய பெயர் என்று அப்பிள்ளை அறியவேண்டாமா?

பெயர் வைப்பது பெற்றோர் கடன். அதை நல்ல பெயராக்குவது பிள்ளையின் கடன். கேதுவின் பெயரையும் ஏற்றுக்கொண்ட பெருமான், கூட்டுத்தொகை பார்க்காமல் நம் எல்லோருடைய பெயரையும் ஏற்றருள்வாராக.

சுபம்.